தண்ணீர் ஏறினால் செங்கல் இறங்கும்

தமிழ் வகுப்பு நடந்துகொண்டிருந்தபோது புகை உள்ளே வந்தது.

முதலில் கடைசி பெஞ்சில் இருந்தவர்கள் இருமினார்கள். பிறகு நடு பெஞ்சில் இருந்தவர்கள் இருமினார்கள். கடைசியில், கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்த தமிழ் ஐயாவே மேல்துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டார்.

"இன்னிக்கும் விறகு நனைஞ்சு போச்சு போல," என்று முஜிபுர் ரஹ்மான் கிசுகிசுத்தான்.

பவுனம்மாள் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தாள். பள்ளிச் சமையல்கட்டின் மொட்டைமாடியில் இருந்த தண்ணீர்த் தொட்டி நிரம்பி, பின்பக்கத்து ஓட்டை வழியாகச் சளசளவென்று கொட்டிக்கொண்டிருந்தது. கீழே அடுக்கி வைத்த விறகெல்லாம் தலைக்குக் குளித்ததுபோல நின்றது.

அது 1961-ஆம் ஆண்டு. திருவானைக்காவலை ஒட்டிய ஒரு தென்னந்தோப்புக்குள் இருந்தது அந்தப் பள்ளி. பவுனம்மாள் அங்கே ஆறாம் வகுப்பு படித்தாள். பள்ளிகளில் மதிய உணவு போடத் தொடங்கிச் சில வருடங்கள் ஆகியிருந்தன. சமையல்காரர் மாரியாயி லால்குடிப் பக்கத்திலிருந்து வந்தவர். அவர் சாம்பார் வைத்தால் வாசனை மூன்றாம் வகுப்புவரை வரும். ஆனால் விறகு நனைந்த நாட்களில் சாம்பாருக்குப் பதிலாகப் புகைதான் வரும். சோறு வருவதற்குள் பாதிப் பேருக்குப் பசியே அடங்கிவிடும்.

அன்றும் அப்படித்தான். சாப்பாட்டு மணி அடித்தும் சோறு வேகவில்லை.

இரண்டாம் வகுப்பு ராசப்பன் சமையல்கட்டு வாசலில் இருந்தான். கொள்ளிடக் கரையிலிருந்து நடந்து வருகிற பையன். வழக்கமாகத் தன் அலுமினியத் தட்டை மத்தளம்போலத் தட்டிக்கொண்டு முதல் ஆளாக நிற்பான். இன்று தட்டவில்லை. தட்டைத் தலைக்கு வைத்துச் சுருண்டு படுத்திருந்தான்.

"ராசப்பா, என்னடா ஆச்சு?" பவுனம்மாள் குனிந்து கேட்டாள்.

"ஒண்ணும் ஆகலக்கா. எந்திரிச்சா தலை சுத்துது. அதான் படுத்திருக்கேன்."

"காலையில என்ன சாப்பிட்டே?"

ராசப்பன் யோசித்தான். "நேத்து ராத்திரி கஞ்சி," என்றான்.

உள்ளேயிருந்து மாரியாயியின் குரல் கேட்டது. கண்கள் சிவக்க, கையில் ஊதுகுழலோடு அவர் வெளியே வந்து, தலைமை ஆசிரியர் அறையைப் பார்த்து நடந்தார். பவுனம்மாளும் பின்னாலேயே போனாள்.

"சார், என்னால முடியல. நேத்து தொட்டியில பொட்டுத் தண்ணி இல்ல, பாத்திரம் கழுவாம கிடந்துச்சு. இன்னிக்கு வழிஞ்சு விறகெல்லாம் நாசம். அந்த அழகர்சாமிக்கு மோட்டார் போடத் தெரியுமா, தெரியாதா? பிள்ளைங்க பசியில சுருண்டு கிடக்குதுங்க!"

தலைமை ஆசிரியர் சவரிநாதன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பலமுறை இதையே கேட்டுவிட்டவர் அவர்.

"இந்த ஒரு வாரம் பார்ப்போம் மாரியாயி. திரும்பவும் நனைஞ்சா, மோட்டாருக்கு வேற ஆளைத்தான் போடணும்."

பவுனம்மாளுக்கும் கோபம்தான். ஒரு மோட்டாரைச் சரியான நேரத்தில் நிறுத்தக்கூட ஒருவருக்குத் தெரியாதா? அவள் தோப்பைத் தாண்டி, கிணற்றடியில் இருந்த மோட்டார் கொட்டகைக்கு வேகமாக நடந்தாள்.

அழகர்சாமி அங்கே ஒரு மரப்பெட்டியின்மேல் அமர்ந்து, உள்ளே தண்ணீர்ச் சத்தம் கேட்கிறதா என்று இரும்புக் குழாயில் காதை வைத்துக்கொண்டிருந்தார். இளவயது ஆள்தான். பள்ளி மணியை அடிப்பவரும் அவரே.

"அண்ணே, ஏன் இப்படித் தண்ணியை வழிய விடுறீங்க?"

அவர் திடுக்கிட்டு நிமிர்ந்தார். "இன்னிக்கும் வழிஞ்சுடுச்சா?"

"உங்களுக்குத் தெரியவே தெரியாதா?"

"இங்கேருந்து பாரு பாப்பா. தெரியுதா?"

பவுனம்மாள் திரும்பிப் பார்த்தாள். தென்னைகளுக்கு நடுவே தொட்டியின் வெள்ளைச் சுவர் தெரிந்தது. உள்ளே எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்று தெரியவில்லை. தண்ணீர் வழிவதோ அந்தப் பக்கம்.

"ரெண்டாவது பெல் அடிச்சதும் போடுவேன். மூணாவது பெல் அடிக்கப் போறப்ப நிறுத்துவேன். ஒருநாளும் மாத்தினதில்ல," என்றார் அழகர்சாமி.

"அப்புறம் ஏன் ஒருநாள் வழியுது, ஒருநாள் காயுது?"

அவர் கொட்டகைக்குள் தொங்கிய பல்பைக் காட்டினார். "நேத்து இது பூசணிப் பூ மாதிரி மங்கலா எரிஞ்சுது. இன்னிக்குக் கண்ணு கூசுது. கரண்ட் நல்லா வந்தா மோட்டார் பறக்கும். இல்லேன்னா முக்கிக்கிட்டே ஓடும். நான் போடுற நேரம் ஒண்ணுதான். ஏறுற தண்ணிதான் ஒண்ணா இருக்க மாட்டேங்குது."

"ஏணியில ஏறிப் பார்க்கலாமே?"

அழகர்சாமி வேட்டியைக் கொஞ்சம் விலக்கிக் காட்டினார். வலது கால், முழங்காலுக்குக் கீழே கோணலாக இருந்தது.

"போன வருஷம் தொட்டி கழுவ ஏறினேன். ஏணி வழுக்கிடுச்சு." அவர் வேட்டியை இழுத்து விட்டுக்கொண்டார். "வேற ஆள் போடப் போறாங்கன்னு என் காதுக்கும் வந்துச்சு. இந்தக் காலோட எனக்கு எங்க வேலை கிடைக்கும், சொல்லு?"

வரும்போது இருந்த கோபம் பவுனம்மாளுக்கு எங்கே போனதென்று தெரியவில்லை. தலையைக் குனிந்துகொண்டு வகுப்புக்குத் திரும்பினாள்.

மறுநாள் அவளும் முஜிபும் ஒரு திட்டம் போட்டார்கள். பவுனம்மாள் ஜன்னலோரம் அமர்ந்து தொட்டியின் ஓட்டையைப் பார்த்துக்கொண்டே இருப்பாள். முதல் சொட்டு விழுந்ததும் கையைத் தூக்குவாள். முஜிப் வாயில் இரண்டு விரலை வைத்துச் சீழ்க்கை அடிப்பான். அது தோப்புவரை கேட்கும். கேட்டதும் மோட்டாரை நிறுத்துவதாக அழகர்சாமியும் சொல்லியிருந்தார்.

கணக்கு வகுப்பில் முதல் சொட்டு விழுந்தது. பவுனம்மாள் கையைத் தூக்கினாள்.

"ஆங், பவுனம்மாள். விடை என்ன?" என்றார் கணக்கு வாத்தியார்.

அதே நேரம் முஜிப் சீழ்க்கை அடித்தான். வாத்தியார் கையிலிருந்த சாக்பீஸ் கீழே விழுந்தது.

இரண்டு பேரும் வகுப்புக்கு வெளியே நிற்கவேண்டியதாயிற்று. அழகர்சாமி மோட்டாரை நிறுத்திவிட்டார் என்பது உண்மைதான். ஆனால் அதற்குள் விறகின் ஒரு மூலை நனைந்துவிட்டது.

"தினமும் சீழ்க்கை அடிக்க முடியாது," என்றான் முஜிப்.

"அடிச்சாலும் பிரயோஜனமில்ல. வழிஞ்ச பிறகுதானே நமக்கே தெரியுது?" என்றாள் பவுனம்மாள்.

சாப்பாட்டு நேரத்தில் அவள் மாரியாயியைத் தேடிப் போனாள். அவர் அரிசி உலையின் முன்னால் நின்றார். நுரை பொங்கி மேலே வந்தது. சட்டென்று ஒரு கொள்ளியை வெளியே இழுத்தார். நுரை அடங்கியது. கொதி குறைந்ததும் கொள்ளியை மறுபடி உள்ளே தள்ளினார்.

"அக்கா, எப்ப இழுக்கணும், எப்பத் தள்ளணும்னு எப்படித் தெரியுது?"

"இது என்ன கேள்வி? கண்ணு இருக்குல்ல, பார்த்துப் பார்த்துச் செய்யறேன்."

"அடுப்பு இங்கே இருந்து, பானை தோப்புக்கு அந்தப் பக்கம் இருந்தா?"

மாரியாயி சிரித்தார். "அப்புறம் சோறா பொங்கும்? ஒருநாள் குழையும், ஒருநாள் அரிசியா கிடக்கும்."

"அழகர்சாமி அண்ணன் அப்படித்தான் மோட்டார் போடுறார் அக்கா. அவருக்குத் தொட்டிக்குள்ள தெரியவே தெரியாது. ஏறிப் பார்க்கவும் முடியாது. தொட்டி கழுவறப்ப விழுந்து கால் உடைஞ்சு போச்சு."

மாரியாயியின் சிரிப்பு நின்றது. அவர் இந்தப் பள்ளிக்கு வந்து சில மாதங்கள்தான் ஆகின்றன.

"கால் உடைஞ்சுதா? நான் என்னமோ சோம்பேறித்தனமா நடக்குறார்னு நினைச்சேன்," என்றார் மெதுவாக. பிறகு, எதையோ மறைப்பதுபோல, குடத்துத் தண்ணீரை எடுத்துப் பக்கத்திலிருந்த அண்டாவில் ஊற்றத் தொடங்கினார்.

அண்டாவின் அடியில் ஒரு கொட்டாங்குச்சி கிடந்தது. தண்ணீர் ஏற ஏற, அதுவும் ஆடி ஆடி மேலே வந்தது. விளிம்புக்கு வந்து எட்டிப் பார்த்தது.

பவுனம்மாள் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். திடீரென்று, "முஜிப்!" என்று கத்திக்கொண்டு ஓடினாள்.

"சாப்பிட்டுப் போடி!" என்று மாரியாயி பின்னால் கத்தினார்.

யோசனை இதுதான். தொட்டிக்குள் ஒரு காலி டின் மிதக்கவேண்டும். டின்னில் கட்டிய கயிறு ஒரு சின்னச் சக்கரத்தின்மேல் ஏறி, தொட்டிக்கு வெளியே வந்து தொங்கவேண்டும். கயிற்றின் நுனியில் சிவப்பாக ஒன்று. தண்ணீரோடு டின் நகர்ந்தால், வெளியே சிவப்பும் நகரும். வெள்ளைச் சுவரில் சிவப்பு என்றால் கொட்டகையிலிருந்தே பளிச்சென்று தெரியும்!

முஜிபின் அத்தா பரக்கத் அலி சைக்கிள் கடை வைத்திருந்தார். குழந்தைகள் ஓட்டும் மூன்று சக்கர வண்டியின் பழைய சக்கரம் ஒன்றை அவர் கொடுத்தார். மாரியாயி ஒரு பெரிய எண்ணெய் டின்னைக் கொடுத்தார். அரைச் செங்கல்லுக்குச் சிவப்புச் சாயம் பூசினார்கள்.

அண்டாவில் வைத்துச் சோதித்துப் பார்த்தபோது செங்கல் தொப்பென்று இறங்க, டின் தண்ணீரை விட்டு எழும்பி அந்தரத்தில் ஆடியது.

"டின்னு பறக்குது!" என்று கைதட்டினான் ராசப்பன்.

டின்னுக்குள் மணலைப் போட்டார்கள். இப்போது டின் செங்கல்லைவிடக் கனம், ஆனாலும் மிதந்தது. பரக்கத் அலி அதன் வாயை ஈயம் வைத்து அடைத்துக் கொடுத்தார்.

"மேல ஏறிக் கட்டுறது யாரு?" என்று கேட்டான் முஜிப். "நான் ஏறட்டா?"

"நீ ஏறினே, கால் ரெண்டையும் முறிச்சுடுவேன்," என்றார் மாரியாயி. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டார். "எங்க ஊர்ல வைக்கோல் போர்மேல ஏறினவ நான். ஏணியை மட்டும் நல்லாப் பிடிங்க."

தமிழ் ஐயா ஒரு பக்கமும், பரக்கத் அலி ஒரு பக்கமும் ஏணியைப் பிடித்தார்கள். மாரியாயி மேலே போய்க் கட்டி முடித்துவிட்டு, இறங்காமல் நின்றார்.

"என்னம்மா, ஆச்சா?" என்றார் தமிழ் ஐயா.

"ஆச்சு ஐயா. இங்கேருந்து மலைக்கோட்டை தெரியுது. ஒரு கும்பிடு போட்டுட்டு வரேன்."

மறுநாள் காலை பவுனம்மாள் அழகர்சாமியிடம் ஓடிப்போய்ச் சொன்னாள்: "அண்ணே, இனிமே பெல்லைப் பார்க்காதீங்க. சிவப்பைப் பாருங்க. அது காட்டும்." சொல்லிவிட்டு வகுப்புக்கு ஓடினாள்.

அழகர்சாமி மோட்டாரைப் போட்டார். சிவப்புச் செங்கல் சுவரின் நடுவில் இருந்தது. கொஞ்ச நேரத்தில் கீழே நகர்ந்தது. இன்னும் கீழே நகர்ந்தது.

"அட, தண்ணி இறங்கிக்கிட்டே போகுதே. சமையல்கட்டில எல்லாக் குழாயையும் திறந்து விட்டுட்டாங்களோ?" என்று நினைத்து, அவர் மோட்டாரை நிறுத்தாமல் ஓட விட்டார்.

அன்று கொட்டியதுபோலத் தண்ணீர் என்றுமே கொட்டியதில்லை. விறகு நனைந்தது. அடுப்பங்கரை வாசல் நனைந்தது. காய் கழுவ வெளியே வந்த மாரியாயி தலையோடு கால் நனைந்தார். கத்திரிக்காய்கள் வாய்க்காலில் படகுபோல மிதந்து போயின.

எல்லாரும் கூடிவிட்டார்கள். அழகர்சாமி காலை இழுத்துக்கொண்டு தோப்பைத் தாண்டி வந்தார். நனைந்த விறகைப் பார்த்தார். கொட்டகைச் சாவியை இடுப்பிலிருந்து எடுத்துத் தலைமை ஆசிரியரிடம் நீட்டினார்.

பவுனம்மாள் யோசித்தாள். எங்கே தப்பு? டின் மிதக்கிறது, கயிறு அறுபடவில்லை, செங்கல்லும் நகர்ந்திருக்கிறது. அவள் நிமிர்ந்து பார்த்தாள். தொட்டி நிரம்பி வழிகிறது. செங்கல்லோ சுவரின் அடியில் தொங்குகிறது.

டின் மேலே போனால் செங்கல் கீழேதானே வரும்!

"சார், சாவியை வாங்காதீங்க!" அவள் முன்னால் வந்தாள். "அண்ணன் மேல தப்பில்ல. சிவப்பைப் பாருங்கன்னு மட்டும்தான் நான் சொன்னேன். தலைகீழாக் காட்டும்னு சொல்லல. எனக்கே இப்பத்தான் தெரியுது."

"தலைகீழாகவா?" என்றார் சவரிநாதன்.

"ஆமா சார். தண்ணி ஏறினா செங்கல் இறங்கும். அது சரியாத்தான் காட்டுச்சு. நாங்கதான் தப்பாப் படிச்சிட்டோம்."

சவரிநாதன் தொட்டியைப் பார்த்தார். செங்கல்லைப் பார்த்தார். ஈரம் சொட்ட நின்ற மாரியாயியைப் பார்த்தார்.

"நீ என்ன சொல்றே மாரியாயி? விறகு உன் விறகு."

மாரியாயி முந்தானையைப் பிழிந்தார். "நனைஞ்சது நனைஞ்சாச்சு சார். இன்னும் ஒருநாள் பார்த்துடுவோம். நானும் உப்பு தூக்கலாப் போட்டா, மறுநாள் குறைச்சுத்தானே போடுறேன்?"

சவரிநாதன் சாவியை வாங்கிக்கொள்ளவில்லை.

அன்று மாலையே மாரியாயி மறுபடி ஏணியில் ஏறினார். இந்த முறை சுண்ணாம்புச் சுவரில் கரியால் பட்டையாக எழுதினார்கள். மேலே 'காலி'. கீழே 'நிறைவு'. நிறைவுக்கு ஒரு சாண் மேலே ஒரு கறுப்புக் கோடு.

"அந்தக் கோடு எதுக்கு?" என்று அழகர்சாமி கேட்டார்.

"செங்கல் கோட்டுக்கு வந்ததும் நீங்க பெட்டியை விட்டு எந்திரிக்கணும் அண்ணே. சுவிட்சுக்கிட்ட போறதுக்குள்ள நிறைவுக்கு வந்திடும்."

"என் காலுக்கும் சேர்த்துக் கணக்குப் போட்டிருக்கியே பாப்பா!" என்று சொல்லி அழகர்சாமி முதல்முறையாகச் சிரித்தார்.

மறுநாள் கொட்டகை பல்பு மங்கலாக எரிந்தது. மோட்டார் முக்கி முனகி ஓடியது. மூன்றாவது மணி அடிக்கும் நேரம் வந்தது. அழகர்சாமி மணியை அடித்துவிட்டுத் திரும்பிப் போனார். ஆனால் மோட்டாரை நிறுத்தவில்லை.

வகுப்பில் முஜிபின் முகம் வெளுத்தது. "நிறுத்தலையே! மறந்துட்டாரா?"

பவுனம்மாள் ஜன்னல் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டாள். கணக்கு வாத்தியாரும் சாக்பீஸை வைத்துவிட்டு ஜன்னலுக்கு வந்துவிட்டார். சமையல்கட்டு வாசலில் மாரியாயி, முன்னெச்சரிக்கையாகத் தலைமேல் ஒரு முறத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

மோட்டார் சத்தம் நின்றது.

எல்லாரும் அந்த ஓட்டையையே பார்த்தார்கள். ஒரு சொட்டு எட்டிப் பார்த்தது. விழலாமா வேண்டாமா என்று தொங்கியது. பிறகு காய்ந்துவிட்டது.

அன்று சோறு மணிக்கு முன்னாலேயே வெந்துவிட்டது. மாரியாயி ஒரு தட்டில் சோறும் சாம்பாரும் போட்டு, மேலே ஒரு கரண்டி கூட்டும் வைத்து, தோப்பைத் தாண்டித் தானே எடுத்துக்கொண்டு போனார்.

"எதுக்கும்மா இதெல்லாம்?" என்று அழகர்சாமி கூச்சப்பட்டார்.

"சாப்பிட்டுப் பார்த்துச் சொல்லுங்க. உப்பு சரியா இருக்கான்னு யாராவது சொன்னாத்தானே எனக்கும் தெரியும்?"

அதன்பிறகு தொட்டி வழியவும் இல்லை, காயவும் இல்லை. ஐப்பசி பிறந்தது. ஒருநாள் காலையில் வானம் கறுத்து, மழை பிடித்துக்கொண்டது. மாரியாயி சமையல்கட்டு வாசலுக்கு ஓடிவந்து, நனைகிற விறகைப் பார்த்துத் தலையில் கைவைத்தார்.

"பவுனு! வானத்துக்கும் ஒரு கயிறு கட்டி இழுக்க முடியாதா?"

பவுனம்மாள் பதில் சொல்வதற்குள், தோப்புப் பக்கமிருந்து ஒரு குரல் கேட்டது. தலையில் சாக்கைப் போட்டுக்கொண்டு அழகர்சாமி வந்துகொண்டிருந்தார். அவருக்குப் பின்னால் ஆறாம் வகுப்புப் பையன்கள், சாக்கால் மூடிய காய்ந்த விறகைக் கைகொள்ளாமல் தூக்கிக்கொண்டு வந்தார்கள்.

"காலையில மேகத்தைப் பார்த்தேன்," என்றார் அவர். "பாதி விறகை அப்பவே கொட்டகைக்குள்ள எடுத்து வச்சுட்டேன்."

வெளியே மழை கொட்டியது. உள்ளே அடுப்பு புகையில்லாமல் எரிந்தது. அழகர்சாமி சாப்பாட்டு மணியைச் சரியான நேரத்துக்கு, வழக்கத்தைவிடக் கொஞ்சம் பலமாகவே, அடித்தார்.